6 2/5 − 3 2/3: கலப்பு பின்னக் கழித்தலில் விடை எந்த இடத்தில் தவறுகிறது?

கரும்பலகை:
6 2/5 − 3 2/3. இரண்டும் கலப்பு பின்னம், பகுதிகள் (பின்னத்தின் கீழ் எண்கள்) வேறு வேறு. சரியான விடை 2 11/15. ஆனால் மாணவர் நோட்டுகளில் இந்த ஒரு கணக்குக்கே 3, 3 4/15, 3 11/15, 2 2/5, 2 1/3 என்று ஐந்து தப்பான விடைகள் வருகின்றன. எல்லாவற்றுக்கும் ஒரே சிவப்புக் கோடு போட்டால் யாருக்கும் பயனில்லை. எந்த விடை எந்தக் குழப்பத்திலிருந்து பிறக்கிறது என்று பிரித்துப் பார்க்க வேண்டும். கூடவே இன்னொன்று: தகா பின்னமாக்கி (முழு எண்ணையும் சேர்த்து, மேல் எண்ணான தொகுதி பகுதியைவிடப் பெரிதாக உள்ள ஒரே பின்னமாக எழுதி) கழிப்பதை முதலில் சொல்லித் தருவதா, முழு எண்ணைத் தனியே வைத்துக் கடன் வாங்கிக் கழிப்பதையா?

பகுஎண்:
முதலில் சரியான வழியை எழுதிவிடுகிறேன். பிறகு விலகல்களைப் பார்க்கலாம்.

5, 3 இரண்டின் மீச்சிறு பொது மடங்கு (மீ.சி.ம.) 15. எனவே 2/5 = 6/15, 2/3 = 10/15. கணக்கு இப்போது 6 6/15 − 3 10/15. ஆறிலிருந்து பத்து போகாது. முழு எண் 6-இல் ஒன்றை உடைக்கிறோம்: 6 6/15 = 5 + 15/15 + 6/15 = 5 21/15. இனி 5 − 3 = 2, 21 − 10 = 11. விடை 2 11/15.

விலகல்கள்:
3 4/15 என்றால், 6 − 10 வராது என்று கண்டதும் 10 − 6 என்று திருப்பிப் போட்டிருக்கிறார்.
3 11/15 என்றால், கடன் வாங்கினார், ஆனால் 6-ஐ 5 ஆக்க மறந்தார்.
2 2/5 என்றால், கடன் வாங்கியதைப் 10 என்று நினைத்துக்கொண்டார். 6 + 10 = 16, 16 − 10 = 6, ஆக 2 6/15. அதைச் சுருக்கி 2 2/5 என்று எழுதியிருக்கிறார்.
2 1/3 என்றால், 15/15 மட்டும் எழுதி, முன்பே இருந்த 6/15-ஐ விட்டுவிட்டார். 15 − 10 = 5, 2 5/15.
வெறும் 3 என்றால் இரண்டு வழி உண்டு. தொகுதியில் தொகுதி, பகுதியில் பகுதி என்று கழித்திருக்கலாம். அல்லது பகுதியை 15 ஆக்கிவிட்டுத் தொகுதிகளை மாற்றாமல் 2/15 − 2/15 என்று போட்டிருக்கலாம். விடையை மட்டும் பார்த்து இவற்றைப் பிரிக்க முடியாது, செய்முறையைத்தான் பார்க்க வேண்டும்.

வாய்ப்பாடு:
இதில் அந்தப் பத்துதான் ரொம்ப ஆழமா வேர் விட்டது. முழு எண் கழித்தலில் வருஷக்கணக்கா "பக்கத்து வீட்டில் கடன் வாங்கினா பத்து" என்றே பழகியிருக்காங்க. பத்து ஏன் வந்ததுன்னு யாரும் சொல்லலை. பத்து ஒன்றுகள் சேர்ந்தா ஒரு பத்து, அதனால அங்கே பத்து. பின்னத்தில் பதினைந்து பதினைந்தாம் பாகம் சேர்ந்தாதான் ஒரு முழுசு, அதனால இங்கே பதினைந்து.

இதைப் புரியவைக்க நேரக் கணக்கு நல்லா உதவும். 5 மணி 10 நிமிஷத்திலிருந்து 2 மணி 45 நிமிஷத்தைக் கழிக்கச் சொல்லுங்க. ஒரு மணியை உடைச்சா 60 நிமிஷம், 10-உடன் சேர்ந்து 70, 70 − 45 = 25, விடை 2 மணி 25 நிமிஷம். இங்கே யாரும் பத்து கடன் வாங்குறதில்லை. அப்புறம் அதே கணக்கை 5 10/60 − 2 45/60 என்று எழுதிக் காட்டுங்க. பகுதி எதுவோ அதுதான் கடன் தொகை என்பது தானா விளங்கும்.

சுழியம்:
3 4/15 பற்றி ஒரு வார்த்தை. அதை முழுத் தவறாக ஒதுக்க வேண்டாம் என்பது என் கருத்து. அந்த மாணவர் கண்டுபிடித்த 4/15 சரியான அளவுதான். அது மிச்சமா, பற்றாக்குறையா என்பதில்தான் தவறினார். 6/15 கையில் இருக்கிறது, 10/15 கொடுக்க வேண்டும். 4/15 குறைகிறது. முழு எண்களில் 6 − 3 = 3 மிஞ்சியது. அந்த மூன்றிலிருந்து குறைகிற 4/15-ஐக் கொடுத்தால் 3 − 4/15 = 2 11/15.

ஆகவே "அழித்துவிட்டு மறுபடி செய்" என்று சொல்லாமல், "இந்த 4/15 உன்னிடம் இருப்பதா, நீ தர வேண்டியதா?" என்று கேட்டால் போதும். தர வேண்டியது என்று அவரே சொல்லிவிட்டால், கூட்டல் குறி கழித்தல் குறியாகிவிடும், விடை வந்துவிடும். இது குறுக்குவழி அல்ல, முழுமையான முறை. குறை எண்கள் (−3 போன்ற, பூச்சியத்துக்குக் கீழான எண்கள்) பழகியவர்களுக்குக் கடன் வாங்குவதைவிட வேகமானது.

அடுக்குமூலம்:
எனக்கு இந்த விவாதமே வீண் என்று தோன்றுகிறது. தகா பின்னமாக்கிவிட்டால் கடன் என்ற பேச்சே இல்லை. 6 2/5 = 32/5, 3 2/3 = 11/3. 96/15 − 55/15 = 41/15 = 2 11/15. ஒரே வழி, எல்லாக் கணக்குக்கும் பொருந்தும், மேலே சொன்ன ஐந்து தவறுகளில் நான்கு வரவே வராது. பெருக்கலுக்கும் வகுத்தலுக்கும் எப்படியும் தகா பின்னமாக்கத்தான் வேண்டும். அப்படியிருக்கக் கழித்தலுக்கு மட்டும் தனி வித்தை எதற்கு?

பகுஎண்:
6, 3 என்று சிறிய முழு எண்கள் இருக்கும்வரை நீங்கள் சொல்வது சரி. 128 1/6 − 45 4/9 செய்து பாருங்கள். தகா பின்ன வழியில் 769/6, 409/9. மீ.சி.ம. 18 என்பதால் 2307/18 − 818/18 = 1489/18. பிறகு 1489-ஐ 18-ஆல் வகுத்தால் ஈவு 82, மீதி 13. ஆக நான்கு பெருக்கல், மூன்று நான்கிலக்கக் கழித்தல், ஒரு நீள் வகுத்தல். ஒவ்வொன்றும் தவற ஒரு வாய்ப்பு.

கடன் வழியில்: 128 3/18 − 45 8/18 = 127 21/18 − 45 8/18 = 82 13/18. பெரிய எண்ணைத் தொட்டது ஒரே முறை.

தவறு வராது என்பதையும் ஏற்கமாட்டேன். தவறு வேறு இடத்துக்கு மாறும், அவ்வளவுதான். 6 × 5 + 2 என்பதற்குப் பதில் 6 × 2 + 5 என்று போட்டு 17/5 எழுதுவார்கள், கடைசியில் 41/15-ஐக் கலப்பு பின்னமாக்காமல் விடுவார்கள். இதைவிடக் கவலையானது, 32/5, 11/3 என்று எழுதியதும் அளவு கண்ணிலிருந்து மறைந்துவிடுகிறது. ஆறு சொச்சத்திலிருந்து மூன்றரைக்கு மேல் போகிறது, மூன்றுக்குள்தான் மிஞ்சும் என்று 96/15 − 55/15-ஐப் பார்த்து யாருக்கும் தோன்றாது.

அடுக்குமூலம்:
மூன்று நான்கிலக்கக் கழித்தல் எங்கே இருக்கிறது? 2307 − 818 ஒன்றுதான். வகுத்தலுக்குள் வருகிற கழித்தல்களையும் சேர்த்து எண்ணினீர்கள் போல. சரி, பெரிய முழு எண் வந்தால் கடன் வழி சுருக்கம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இயற்கணிதத்துக்குப் போகும்போது கலப்பு பின்னத்தையே கைவிட வேண்டியிருக்கிறது. அங்கே 3x என்றால் 3 பெருக்கல் x. இங்கே 3 2/3 என்றால் 3 கூட்டல் 2/3. ஒரே மாதிரி ஒட்டி எழுதுகிறோம், பொருள் வேறு. இந்தச் சிக்கல் தகா பின்னத்தில் இல்லை.

பகுஎண்:
எண்ணிக்கை என் பிழைதான், ஒரு கழித்தல்தான். நீள் வகுத்தல் என்ற சுமை மட்டும் அப்படியே நிற்கிறது.

ஏட்டுச்சுரை:
ஒட்டி எழுதினால் கூட்டல் என்பதைத் தமிழ் வாயாலேயே சொல்லித் தந்துவிடுகிறது, கவனித்தீர்களா? "மூன்றே முக்கால்", "ஆறே கால்". நடுவில் நிற்கும் அந்த ஏகாரம் மூன்றையும் முக்காலையும் சேர்த்துக் கட்டுகிற கயிறு. மாணவரைக் கணக்கை வாய்விட்டுப் படிக்கச் சொன்னால் 3 3/4 என்பதை 3 × 3/4 என்று எடுத்துக்கொள்ள வாய்ப்பே இல்லை.

பழைய கீழ்வாய் இலக்கத்தில் (தமிழின் பழைய பின்ன அளவுகளில்) பொதுப் பகுதி என்ற கருத்தும் இருந்தது. முந்திரி 1/320. காணி 1/80, அதாவது 4 முந்திரி. மா 1/20, அதாவது 16 முந்திரி. அரைக்கால் 1/8, அதாவது 40 முந்திரி. மூன்றே ஒரு மாவிலிருந்து ஒன்றே அரைக்காலைக் கழிக்க வேண்டுமானால் எல்லாவற்றையும் முந்திரியாக்கிவிடலாம்: 3 முழுசும் 16 முந்திரியும், அதிலிருந்து 1 முழுசும் 40 முந்திரியும். 16-இல் 40 போகாது, ஒரு முழுசை உடைத்தால் 320 முந்திரி, மொத்தம் 336. விடை 1 முழுசும் 296 முந்திரியும், அதாவது 1 37/40. கடன் தொகை இங்கே 320! ஆனால் 320-ஐ மூன்றால் வகுக்க முடியாது என்பதால் மூன்றில் ஒன்று இந்த வரிசைக்குள் அடங்காது. மீ.சி.ம.வைக் கணக்குக்குக் கணக்கு புதிதாகத் தேட வேண்டியிருப்பது அதனால்தான்.

கரும்பலகை:
மிக நன்றி, ஏட்டுச்சுரை. ஆறாம் வகுப்புக்கு அந்த 320 கொஞ்சம் பெரிது, ஏகாரத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

அடுத்த ஐயம். எப்போது கடன் வாங்க வேண்டும் என்பதைச் சிலர் தொடக்கத்திலேயே முடிவு செய்கிறார்கள். தொகுதிகளைப் பார்த்து, மேலே சிறியது, கீழே பெரியது, உடனே கடன். இது சரியா?

வாய்ப்பாடு:
சரியில்லை. பகுதி ஒன்றாகாத வரைக்கும் தொகுதிகளை ஒப்பிடவே கூடாது. ரெண்டு பக்கமும் ஏமாத்தும்.

5 3/4 − 2 7/10. மூணில் ஏழு போகாதுன்னு கடன் வாங்கத் தோணும். பகுதியை 20 ஆக்கினா 15/20 − 14/20, கடனே தேவையில்லை, விடை 3 1/20. அவசரப்பட்டுக் கடன் வாங்கினா 4 35/20 − 2 14/20 = 2 21/20. இது தப்பில்லை, ஆனா 21/20 தகா பின்னம், திரும்ப 3 1/20 ஆக்கணும். பலர் 2 21/20 என்றே விட்டுடுவாங்க.

இதுக்கு நேர் எதிர் 4 5/8 − 1 2/3. அஞ்சில் ரெண்டு போகுமேன்னு நிம்மதியா ஆரம்பிப்பாங்க. பகுதி 24 ஆனதும் 15/24 − 16/24, ஒன்று குறையுது! 3 39/24 − 1 16/24 = 2 23/24. இந்தக் கணக்கைக் கட்டாயம் கொடுங்க. கடன் தேவைங்கிறது கடைசி நிமிஷத்தில் வெளிப்படுற கணக்கு இது.

ஆக வரிசை: பகுதியைச் சமமாக்கு, ஒப்பிடு, தேவைன்னா மட்டும் உடை, கழி.

இடைவெளி:
கடனே வாங்காத இன்னொரு வழியும் உண்டு. 3 2/3 முழு எண்ணாக இன்னும் எவ்வளவு வேண்டும்? 1/3. இரண்டு எண்களிலும் அதே 1/3-ஐக் கூட்டிவிட்டால் வித்தியாசம் மாறாது. 6 2/5 + 1/3 = 6 6/15 + 5/15 = 6 11/15. 3 2/3 + 1/3 = 4. இனி 6 11/15 − 4 = 2 11/15. முழு எண்ணைக் கழிப்பதில் தவற இடமே இல்லை.

எண் கோட்டில் வரைந்தால் இன்னும் தெளிவு: 3 2/3-இலிருந்து 4 வரை 1/3 தூரம், 4-இலிருந்து 6 2/5 வரை 2 2/5 தூரம். இரண்டையும் கூட்டு. ஒரு எச்சரிக்கை: முதல் எண்ணை முழுதாக்கப் பார்க்கக் கூடாது, கழிக்கப்படுகிற எண்ணைத்தான் முழுதாக்க வேண்டும். முதல் எண்ணை 7 ஆக்கினால் 7 − 4 4/15 என்று நிற்கும், மறுபடி உடைக்க வேண்டிவரும்.

பகுஎண்:
அழகான வழி. முழு எண்ணிலிருந்து கலப்பு பின்னம் என்ற வகையை நீங்கள் தொட்டதால் ஒன்று சேர்க்கிறேன். 5 − 2 3/7 என்பதற்கு 3 3/7 என்ற விடை அடிக்கடி வரும். மேலே பின்னம் இல்லாததால் கீழே உள்ள 3/7-ஐ அப்படியே இறக்கிவிடுகிறார்கள். 5-ஐ 5 0/7 என்று எழுதச் சொல்லுங்கள். பூச்சியத்தில் மூன்று போகாது என்பது கண்ணில் படும். 4 7/7 − 2 3/7 = 2 4/7.

கரும்பலகை:
மீ.சி.ம. பற்றி: பகுதிகளைச் சும்மா பெருக்கிவிட்டால் போதாதா என்று கேட்கிறார்கள். 7 5/12 − 3 11/18 போன்றவற்றுக்கு?

சுழியம்:
விடை வரும், உழைப்பு கூடும். 12 × 18 = 216. 90/216 − 132/216, கடன் வாங்கினால் 6 306/216 − 3 132/216 = 3 174/216. இதை 6-ஆல் சுருக்கினால்தான் 3 29/36. மீ.சி.ம. 36 என்று தொடங்கினால் 15/36 − 22/36, 6 51/36 − 3 22/36 = 3 29/36, நேராக முடிந்தது.

மீ.சி.ம. தேடப் பகாக் காரணி மரம் போட வேண்டியதில்லை. பெரிய பகுதியின் மடங்குகளை எடுங்கள்: 18, 36. பன்னிரண்டால் வகுபடுகிற முதல் எண் 36, நிறுத்துங்கள். அங்குல அளவுகளில் 2, 4, 8, 16, 32 என்று இரட்டித்துப் போவதால் பெரிய பகுதியே மீ.சி.ம.: 14 3/16 − 5 7/8 = 13 19/16 − 5 14/16 = 8 5/16.

சுருக்குவதைப் பற்றியும் ஓர் உண்மை இருக்கிறது, பலர் கவனிப்பதில்லை. கொடுத்த பின்னங்கள் ஏற்கெனவே சுருக்கப்பட்டவை, பொதுப் பகுதி மீ.சி.ம. என்றால், விடையைச் சுருக்க எல்லா எண்களையும் முயல வேண்டாம். இரண்டு பகுதிகளிலும் ஒரே அளவு அடுக்கில் உள்ள பகாக் காரணிகள் மட்டுமே அடிபடக் கூடும். 5-க்கும் 3-க்கும் பொதுக் காரணி இல்லை, எனவே 11/15 சுருங்கவே சுருங்காது. 12-இல் இரண்டு இரண்டும் ஒரு மூன்றும், 18-இல் ஒரு இரண்டும் இரண்டு மூன்றும். எதுவும் சமமில்லை, 29/36-உம் சுருங்காது.

ஏனென்றால் 12-இல் 2 அதிகமாக இருப்பதால் 11/18-இன் தொகுதியை மட்டும்தான் 2-ஆல் பெருக்குகிறோம். ஒரு தொகுதி இரட்டை, மற்றது ஒற்றை, வித்தியாசம் ஒற்றை. கடனாக வரும் 36 இரட்டை எண், அது இதை மாற்றாது. மூன்றுக்கும் இதே காரணம்தான்.

மாறாக 4 5/6 − 1 3/10: இரண்டிலும் ஒரே ஒரு 2. 25/30 − 9/30 = 16/30, சுருக்கினால் விடை 3 8/15. இங்கே 2 கட்டாயம் அடிபடும், ஏனென்றால் இரண்டு தொகுதிகளும் ஒற்றை, ஒற்றையிலிருந்து ஒற்றை போனால் இரட்டை.

அடுக்குமூலம்:
இது எனக்குப் புதிது. 1/6 − 1/10 = 2/30, 5/6 − 1/10 = 22/30... ஆமாம், ஒவ்வொரு முறையும் 2 அடிபடுகிறது. நன்றி, சுழியம்.

வாய்ப்பாடு:
சரிபார்ப்பு பற்றி யாரும் பேசலையே. ரெண்டு கட்டமா பாருங்க. முதல்ல அளவு: 2/5 அரைக்குக் கீழே, 2/3 அரைக்கு மேலே. சின்னதிலிருந்து பெரிசு போகுது, அதனால விடை 3-க்குக் குறைவா இருந்தே ஆகணும். 3, 3 4/15, 3 11/15 மூணும் இங்கேயே விழுந்துடும்.

மிச்சம் ரெண்டுக்கும் கூட்டிப் பார்க்கணும். 3 2/3 + 2 2/5 = 6 1/15, வரலை. 3 2/3 + 2 1/3 = 6, சரியா ஆறு! எது காணாம போச்சுன்னு அதுவே சொல்லுது, அந்த 2/5. சரியான விடைக்கு 3 10/15 + 2 11/15 = 5 21/15 = 6 6/15 = 6 2/5.

கரும்பலகை:
ஒரு பயிற்சித் தாள் தயார் செய்திருக்கிறேன், பார்த்துச் சொல்லுங்கள். 5 − 2 3/7. 5 3/4 − 2 7/10. 7 1/6 − 2 3/4. 4 5/8 − 1 2/3. 5 1/3 − 1 3/5. 9 3/10 − 4 7/15. கடைசியாகச் சிறியதிலிருந்து பெரியது, 2 3/4 − 5 1/3.

பகுஎண்:
மூன்றாவதும் ஐந்தாவதும் மாற்றப்பட வேண்டும். 7 2/12 − 2 9/12-இல் பத்தைக் கடன் வாங்கினால் 2 + 10 = 12, விடை 4 3/12. இருந்த 2-ஐ மறந்து 12/12 மட்டும் எழுதினாலும் 4 3/12. இரண்டு வேறு குழப்பங்கள், ஒரே விடை, எதைத் திருத்துவது என்று தெரியாது. 5 5/15 − 1 9/15-இலும் அப்படியே, 5 + 10 = 15. தொகுதியோடு பத்தைக் கூட்டினால் பகுதி வரக் கூடாது, இதுதான் விதி. 8 1/4 − 5 5/6 வையுங்கள்: சரியான விடை 2 5/12, பத்துக் கடன் என்றால் 2 1/4, மறதி என்றால் 2 1/6. ஐந்தாவதற்கு 5 2/3 − 1 4/5: சரியானது 3 13/15, பத்துக் கடன் 3 8/15, மறதி 3 1/5.

9 3/10 − 4 7/15 நல்ல தேர்வு. 8 39/30 − 4 14/30 = 4 25/30, இரண்டு பகுதிகளிலும் ஒரு 5 இருப்பதால் அது அடிபட்டு 4 5/6.

சுழியம்:
கடைசிக் கணக்கில் 2 − 5 = −3, 9/12 − 4/12 = 5/12 என்று கண்டுபிடித்து −3 5/12 என்று ஒட்டிவிடுவார்கள். −3 5/12 என்றால் −3 − 5/12. நமக்கு வேண்டியது −3 + 5/12, அதாவது −2 7/12. குறை எண் பழகாதவர்களுக்குத் திருப்பிக் கழித்து முன்னால் குறி போடச் சொல்லுங்கள்: 5 4/12 − 2 9/12 = 4 16/12 − 2 9/12 = 2 7/12.

கரும்பலகை:
மாற்றிவிட்டேன். கடைசிக் கணக்கு, குறை எண்கள் பாடம் முடிந்த பிறகு தனியாகப் போகும். அதன் இடத்தில் 128 1/6 − 45 4/9, இரண்டு வழிகளிலும் செய்யச் சொல்லி.